தெரியவில்லை என்கிறார், ஆனால் பந்துக்குக் குனிகிறார்: அப்பா நடிக்கிறாரா?

கேள்வி: என் அப்பாவுக்கு 61 வயது. மளிகைக் கடை வைத்திருக்கிறார். சர்க்கரை உண்டு. இரண்டு மாதத்துக்கு முன் ஒருநாள் காலையில் எழுந்ததும் தலைவலி, பார்வை சரியில்லை என்றார். கை கால் இழுக்கவில்லை, வாய் கோணவில்லை. அதனால் முதலில் கண் டாக்டரிடம் போனோம். கண் நன்றாக இருக்கிறது, மூளையைப் பாருங்கள் என்றார். எம்ஆர்ஐயில் வலது பக்கம் பின்மூளையில் ரத்தக்குழாய் அடைப்பு, ஸ்ட்ரோக் என்று வந்தது. இடது பக்கப் பார்வை போய்விட்டதாம். அதற்குப் பிறகும் சித்தப்பா சொன்னார் என்று புதுக் கண்ணாடி வாங்கினோம், பலனில்லை. முதல் இரண்டு வாரம் இடப்பக்கம் கலர் கலராகக் கோலம் தெரிகிறது என்றார். அம்மா பயந்துபோய் மந்திரித்துக்கொண்டு வந்தார். அது தானாக நின்றுவிட்டது.

இப்போது பிரச்சினை வேறு. இடப்பக்கம் வைத்த டம்ளரைத் தட்டிவிடுகிறார், நிலைப்படியில் தோள் இடிக்கிறது. கடையில் 1,340 ரூபாய் பாக்கியை 340 என்று படித்து வசூலித்துவிட்டார். ஆனால் போன வாரம் என் சின்ன மகன் வீட்டுக்குள் எறிந்த பந்து அவரது இடப்பக்கமாக வந்தபோது சட்டென்று தலையைச் சாய்த்துக்கொண்டார். “பந்து தெரிஞ்சுதாப்பா?” என்றேன். “எந்தப் பந்து? என்னமோ வந்த மாதிரி இருந்துச்சு” என்கிறார். அண்ணன், “எல்லாம் நடிப்பு, கடைக்கு வர மனசில்லை” என்கிறான். அம்மா தினமும் இடப்பக்கம் கையை ஆட்டி ஆட்டிச் சோதிக்கிறார். பார்வை திரும்ப வருமா? வண்டி ஓட்டலாமா? பிளஸ் டூ படிக்கும் என் மூத்த மகன் கேட்கச் சொன்ன கேள்வி ஒன்று: தாத்தாவுக்குத் தெரியவில்லை என்றால், பந்தைப் பார்த்தது யார்?

பதில்: அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் அப்பா நடிக்கவில்லை. பந்து தெரியவில்லை என்று அவர் சொன்னதும் உண்மை, பந்துக்குத் தலையைச் சாய்த்ததும் உண்மை. ஒரே மனிதரிடம், ஒரே நொடியில், இரண்டும் நடக்கலாம். ஏன் என்பதைக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். இது புரியாத வீடுகளில், நோயாளி ஸ்ட்ரோக்கால் படும் பாட்டைவிட வீட்டாரின் சந்தேகத்தால் படும் பாடு பெரிதாகிவிடுகிறது. பக்கவாத நோயாளிகளையே பார்த்துவரும் நரம்பியல் மருத்துவராக இதை அடிக்கடி பார்க்கிறேன்.

கண் டாக்டர் சொன்னது மிகச் சரி. உடனே மூளையைப் பார்க்கச் சொன்னாரே, அவருக்கு நன்றி சொல்லுங்கள். அப்பாவின் கண்ணில் கோளாறு இல்லை, அதனால்தான் கண்ணாடியும் பலிக்கவில்லை. போனது இடக்கண்ணின் பார்வை அல்ல, இரண்டு கண்ணுக்கும் சேர்த்து இடப்பக்கக் காட்சி. ஒவ்வொரு கண்ணின் விழித்திரையிலும் வலது பாதியில்தான் இடப்பக்கத்துக் காட்சி விழுகிறது. இரண்டு கண்ணின் வலது பாதிகளிலிருந்தும் கிளம்பும் நரம்பிழைகள் மூளையின் வலது பாதிக்குப் போய், நடுவில் தாலமஸ் என்ற இடத்தில் இழை மாறி, கடைசியில் பிடரி எலும்புக்கு உள்பக்கம் இருக்கும் முதன்மைப் பார்வைப் புறணியை, அதாவது மூளையின் மேலடுக்கில் காட்சிச் செய்தியை முதலில் வாங்கும் பகுதியைச் சேர்கின்றன. அப்பாவுக்கு அடைத்தது அந்தப் புறணிக்கு ரத்தம் தரும் குழாய். கை காலை அசைக்கும் பகுதி வேறு குழாயில் ரத்தம் பெறுவதால் கை கால் தப்பின. இதற்கு ஹெமியானோப்பியா என்று பெயர். அவருடைய ஒரு கண்ணைப் பொத்திவிட்டுப் பாருங்கள், பிறகு மற்றதைப் பொத்துங்கள். எந்தக் கண்ணால் பார்த்தாலும் இடப்பக்கம் இருக்காது.

அம்மாவுக்கும் அண்ணனுக்கும் இதில் பெரிய தடை ஒன்று உண்டு. பாதி பார்வை போனவருக்கு அந்தப் பாதி கறுப்பாக, திரை போட்டதுபோலத் தெரியும் என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள். அப்படித் தெரிந்தால் அவரே எச்சரிக்கையாக இருப்பாரே, ஏன் டம்ளரைத் தட்டிவிடுகிறார் என்று கேட்பார்கள். அங்கே கறுப்பும் இல்லை, எதுவும் இல்லை. இதை வாயால் விளக்குவதைவிடச் செய்து காட்டுவது நல்லது.

கோடு போட்ட நோட்டுத்தாள் ஒன்றை எடுங்கள். ஒரு கோட்டின் மேல் இடப்பக்கம் ஒரு கூட்டல் குறி போடுங்கள். அதே கோட்டில் வலப்பக்கம் எட்டு சென்டிமீட்டர் தள்ளி, மிளகு அளவுக்கு ஒரு கறுப்புப் புள்ளி வையுங்கள். இடக்கண்ணைப் பொத்திக்கொண்டு, வலக்கண்ணால் கூட்டல் குறியை மட்டும் விடாமல் பார்த்தபடி தாளைக் கை நீளத்திலிருந்து மெல்ல முகத்தருகே கொண்டுவாருங்கள். சுமார் முப்பது சென்டிமீட்டர் தூரம் வரும்போது புள்ளி மறைந்துவிடும். பார்வை நரம்பு கண்ணைவிட்டு வெளியேறும் இடத்தில் ஒளியை உணரும் செல்கள் கிடையாது, புள்ளி அந்த இடத்தில் விழுந்திருக்கிறது. கவனிக்க வேண்டியது, மறைந்த இடத்தில் ஓட்டை தெரியாது. நோட்டுக் கோடு அறுபடாமல் ஓடுவது போலவே இருக்கும். நம் எல்லோருக்கும் ஒவ்வொரு கண்ணிலும் இந்தக் குருட்டுப் புள்ளி பிறந்ததிலிருந்தே இருக்கிறது, யாரும் ஒரு நாளும் அதை உணர்ந்ததில்லை. அண்ணன் இதை ஒருமுறை செய்து பார்க்கட்டும். இல்லாத ஒன்றை ‘இல்லை’ என்று மூளை தானாகச் சொல்லிக் காட்டாது. அப்பாவுக்கு அந்த இல்லாமை பாதி உலகத்தின் அளவு.

1,340 ரூபாய் விஷயமும் இதேதான். கண் எண்ணின் நடுவில் போய் நின்றால், அதற்கு இடப்பக்கம் இருக்கும் முதல் இலக்கம் பார்வைக்கே வராது. மிச்சம் 340. அதுவும் முழுமையான எண்தான் என்பதால் சந்தேகமே எழாது. பஸ் பலகையிலும் இதைக் கவனிப்பீர்கள்: விழுப்புரமும் காஞ்சிபுரமும் ‘புரம்’ என்றே வந்து நிற்கும். இதைக் கணக்கு மறந்துவிட்டது, புத்தி மங்கிவிட்டது என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். எண்ணை வாயால் சொல்லிக் கூட்டச் சொல்லுங்கள். பழைய வேகத்தில் கூட்டினால் கணக்கு அப்படியேதான் இருக்கிறது என்று அர்த்தம்.

ஒன்றை மட்டும் பார்த்து வைக்க வேண்டும். வலது மூளை ஸ்ட்ரோக்கில் சிலருக்குப் பார்வை மட்டுமல்லாமல் இடப்பக்கத்தின் மேலான கவனமே போய்விடும். தட்டில் இடப்பாதிச் சோறு அப்படியே கிடக்கும், முகத்தில் ஒரு பாதிக்குச் சவரம் ஆகாது, கூப்பிட்டால்கூட அந்தப் பக்கம் திரும்பமாட்டார்கள், குறை இருப்பதாகவே ஒப்புக்கொள்ளமாட்டார்கள். அதை நெக்லெக்ட் என்போம், அதற்கான பயிற்சி வேறு. உங்கள் கடிதத்தில் அப்படி எதுவும் தெரியவில்லை. ஆனாலும் அடுத்த முறை நரம்பியல் மருத்துவரிடம் போகும்போது கேளுங்கள். ஒரு தாளில் கோடு போட்டு, நடுவில் குறி வைக்கச் சொல்லி ஒரு நிமிடத்தில் சோதித்துவிடுவார்.

இப்போது பந்துக்கு வருகிறேன். முதலாம் உலகப் போரில் தலையின் பின்புறம் குண்டடிபட்டுப் பார்வையின் ஒரு பகுதியை இழந்த பிரிட்டிஷ் சிப்பாய்களை ஜார்ஜ் ரிட்டோக் என்ற ராணுவ மருத்துவர் சோதித்து 1917-ல் எழுதினார். பார்வை போன பக்கத்தில் அசையாமல் ஒரு பொருளைப் பிடித்தால் அவர்களுக்கு ஒன்றும் தெரியாது. அதையே அசைத்தால் சிலர், “ஏதோ அசைகிறது” என்பார்கள். உருவம் தெரியாது, நிறம் தெரியாது, வெறும் அசைவு. அக்காலத்தின் பெரிய நிபுணரான கோர்டன் ஹோம்ஸ் இதை ஏற்கவில்லை. விஷயம் பல பத்தாண்டுகள் கிடப்பில் கிடந்தது.

அதைத் திரும்ப எழுப்பியவர்களில் முக்கியமானவர் லாரன்ஸ் வைஸ்கிரான்ட்ஸ் என்ற உளவியலாளர். கேம்பிரிட்ஜில் 1965-ல் ஹெலன் என்று பெயரிட்ட ஒரு குரங்கின் பார்வைப் புறணியை அவர் அகற்றியிருந்தார். குருடாகிவிட்டது என்று எல்லோரும் நினைத்த அந்தக் குரங்கோடு அவருடைய மாணவர் நிக்கலஸ் ஹம்ஃப்ரி ஏழு ஆண்டுகள் பழகி, விளையாடி, வெளியே நடத்திக் கூட்டிப்போனார். கடைசியில் ஹெலன் தரையில் சிந்திய உணவுத் துணுக்குகளைப் பொறுக்கியது, தடைகளைச் சுற்றிக்கொண்டு நடந்தது. குரங்கின் நடத்தையை மட்டும்தான் பார்க்க முடியும், அதற்கு உள்ளே என்ன தெரிகிறது என்று கேட்க முடியாது. கேட்கக்கூடிய ஒருவர் 1973-ல் கிடைத்தார்.

மருத்துவ ஏடுகள் அவரை டி.பி. என்ற முதலெழுத்துகளால் குறிப்பிடுகின்றன. லண்டனில் வலது பிடரிப் பகுதியில் இருந்த ரத்தக்குழாய்ச் சிடுக்கு ஒன்றை அறுவை செய்து எடுத்த பிறகு, உங்கள் அப்பாவைப் போலவே அவருக்கு இடப்பக்கப் பார்வை போனது. வைஸ்கிரான்ட்ஸும் எலிசபெத் வாரிங்டனும் உடன் வேலை செய்தவர்களும் அவரது பார்வையற்ற பக்கத்தில் ஓர் ஒளிப்புள்ளியைச் சில கணம் காட்டி, “எங்கே இருந்தது, கையால் தொட்டுக் காட்டுங்கள்” என்றார்கள். “எனக்குத்தான் ஒன்றும் தெரியவில்லையே, எதைக் காட்டுவது?” என்றார். “பரவாயில்லை, உத்தேசமாகக் காட்டுங்கள்.” கையை நீட்டினார். கை பெரும்பாலும் சரியான இடத்துக்குப் போனது. நிற்கும் கோடா, படுத்த கோடா? சரி. எக்ஸ் வடிவமா, ஓ வடிவமா? பெரிதாகக் காட்டினால் பெரும்பாலும் சரி. எப்படிச் சொன்னீர்கள் என்று கேட்டால், “சும்மா குத்துமதிப்பாகச் சொன்னேன்” என்றார். முடிவுகளைக் காட்டியபோது அவருக்கே நம்ப முடியவில்லை. இந்த ஆய்வு 1974-ல் வெளிவந்தது. பிளைண்ட்சைட், அதாவது ‘குருட்டுப் பார்வை’ என்ற பெயர் அப்போது வந்ததுதான்.

டி.பி.யும் சில சமயம், குறிப்பாகப் பொருள் வேகமாக அசையும்போது, ஏதோ இருப்பதாக ‘உணர்ச்சி’ வருகிறது, ஆனால் பார்க்கவில்லை என்றார். உங்கள் அப்பாவின் “என்னமோ வந்த மாதிரி இருந்துச்சு” என்ற வாக்கியத்தைப் படித்ததும் எனக்கு நினைவுக்கு வந்தது அதுதான். நடிப்பவர் இப்படிச் சொல்லமாட்டார். “எனக்கு ஒன்றுமே தெரியவில்லை” என்று அடித்துச் சொல்வார்.

இது எப்படி நடக்கிறது? ஒவ்வொரு கண்ணிலிருந்தும் சுமார் பத்து லட்சம் நரம்பிழைகள் மூளைக்குப் போகின்றன. பெரும்பங்கு, நான் மேலே சொன்னபடி தாலமஸ் வழியாகப் பிடரிக்கு. அது பெரிய சாலை. அந்தச் சாலை வருவதற்கு முன்பே இருந்த வண்டிப்பாதை ஒன்றும் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. இழைகளில் ஒரு சிறு பங்கு நடுமூளையில் இருக்கும் சுப்பீரியர் கோலிகுலஸ் என்ற சிறு மேட்டுக்குப் போகிறது. மீனுக்கும் தவளைக்கும் பார்வையின் முக்கிய மையமே அதற்கு இணையான பகுதிதான். ஏதாவது திடீரென்று வந்தால் கண்ணையும் தலையையும் திருப்புவது, ஒதுங்குவது போன்ற வேலைகள் அங்கே நடக்கின்றன. அங்கிருந்தும் தாலமஸிலிருந்தும் சில இழைகள் பிடரியைத் தொடாமலே அசைவைக் கவனிக்கும் புறணிப் பகுதிக்கும் போகின்றன. அப்பாவின் ஸ்ட்ரோக் பெரிய சாலையின் முடிவிடத்தைத்தான் அழித்தது. மற்ற பாதை அப்படியே இருந்தால், பந்து வரும் செய்தி கழுத்துத் தசைக்குப் போய்ச் சேரும். “பந்து வருகிறது” என்ற அறிவாக மட்டும் அது மாறாது.

இதன் உச்சத்தை 2008-ல் பேயாட்ரிஸ் டி கெல்டரும் வைஸ்கிரான்ட்ஸும் மற்றவர்களும் வெளியிட்டார்கள். டி.என். என்று குறிப்பிடப்படும் அந்த நோயாளி தானே ஒரு மருத்துவர். அடுத்தடுத்து வந்த இரண்டு ஸ்ட்ரோக்கில் இரண்டு பக்கப் பார்வைப் புறணியும் போய், முழுக் குருடராகி, கைத்தடியோடு நடந்தவர். பெட்டிகளும் சாமான்களும் தாறுமாறாக வைத்த ஒரு நீண்ட நடைக்கூடத்தில், தடி இல்லாமல் நடக்கச் சொன்னார்கள். விழுந்துவிடாமல் இருக்க ஒருவர் பின்னாலேயே வந்தார். டி.என். ஒன்றிலும் இடிக்காமல், இடுக்கான இடத்தில் உடம்பைத் திருப்பி, சுவரோரமாக ஒதுங்கி நடந்து முடித்தார். தான் எதையும் தவிர்த்து நடந்ததாக அவருக்குத் தெரியவே இல்லை.

இதை எதிர்ப்பவர்களும் உண்டு, அவர்களுடைய வாதத்தை நான் மதிக்கிறேன். ஒளி கண்ணுக்குள் சிதறிப் பார்வையுள்ள பக்கத்தில் விழுந்திருக்கலாம் என்று 1983-ல் ஒரு விமரிசனம் வந்தது. அதற்கு டி.பி.யிடமே நேர்த்தியான பதில் கிடைத்தது. நீங்கள் நோட்டுத்தாளில் தேடிய அதே குருட்டுப் புள்ளியில் ஒளியை விழவைத்தார்கள். சிதறிய ஒளிதான் காரணமென்றால் அப்போதும் அவர் கண்டுபிடித்திருக்க வேண்டும். முடியவில்லை. சற்று நகர்த்தினால் கண்டுபிடித்தார். இன்னும் சிலர், இவர்களுக்கு மிக மங்கலாக ஏதோ தெரிகிறது, அதைப் பார்வை என்று ஒப்புக்கொள்ளத் தயங்குகிறார்கள் என்கிறார்கள். சில நோயாளிகளுக்கு அது பொருந்தலாம் என்றே நானும் கருதுகிறேன். டி.என். விஷயத்தில் எனக்கு அது ஒப்பவில்லை.

உங்கள் அப்பாவுக்கு இருப்பது பிளைண்ட்சைட்தான் என்று ஒரு பந்தை வைத்து முத்திரை குத்தமாட்டேன். பேரனின் சத்தம் கேட்டிருக்கலாம், தலை அந்த நேரத்தில் இடப்பக்கம் திரும்பியிருக்கலாம், ஓரத்தில் சிறு தீவாகப் பார்வை மிஞ்சியிருக்கலாம். ஹெமியானோப்பியா உள்ள எல்லோருக்கும் பிளைண்ட்சைட் இருப்பதில்லை. ஆனால் இவற்றில் எது காரணமாக இருந்தாலும் அவர் சொன்னது பொய்யாகாது. எம்ஆர்ஐயில் சேதமான இடமும், அவருக்குத் தெரியாத பக்கமும் அப்படியே பொருந்துகின்றன. இப்படிப் பொருத்தமாக நடிக்க ஒருவர் மூளையின் படம் முழுவதையும் மனப்பாடம் செய்திருக்க வேண்டும்.

அம்மாவிடம் சொல்லுங்கள், கையை ஆட்டிச் சோதிப்பதை இன்றோடு நிறுத்தட்டும். அதில் அப்பா தோற்றால் குருடு என்ற துக்கம், ஜெயித்தால் பொய்யர் என்ற பழி. இரண்டு பக்கமும் அவருக்கு அடிதான். சோதனையை, எந்தப் பக்கம் எவ்வளவு தெரிகிறது என்று அளக்கும் ஃபீல்டு டெஸ்ட் இயந்திரத்திடம் விட்டுவிடுவோம்.

மூத்த மகனின் கேள்வி எனக்கு மிகவும் பிடித்திருந்தது. பார்த்தது யார்? தம்பி, பார்த்ததும் தாத்தாதான். ஆனால் மூளை பார்ப்பதில் பெரும்பகுதி எப்போதுமே நம் அறிவுக்கு வருவதில்லை. வெளிச்சத்துக்குக் கண் பாப்பா சுருங்குவது உனக்குத் தெரியாது. பேனாவை எடுக்கும்போது விரல்கள் அதன் தடிமனுக்கு ஏற்ப முன்கூட்டியே விரிவதும் தெரியாது. 1991-ல் மெல்வின் கூடேலும் டேவிட் மில்னரும் டி.எஃப். என்ற பெண்ணைப் பற்றி எழுதினார்கள். கார்பன் மோனாக்சைடு வாயுவால் மூளை பாதிக்கப்பட்டவர். தபால் பெட்டியின் திறப்பு போல ஒரு வட்டில் வெட்டிய துளை எந்தச் சாய்வில் இருக்கிறது என்று கேட்டால் அவரால் சொல்ல முடியாது. கையில் அட்டையைக் கொடுத்து, துளைக்குள் போடச் சொன்னால், கை போகும் வழியிலேயே சரியான சாய்வுக்குத் திரும்பிவிடும். பொருள் என்னவென்று அறிவதற்கும் அதை நோக்கிக் கையை நீட்டுவதற்கும் மூளையில் வெவ்வேறு தடங்கள் இருக்கின்றன என்பதற்கு இது வலுவான சான்றாக நிற்கிறது.

அப்படியானால் ‘தெரிகிறது’ என்ற அனுபவம் எங்கிருந்து வருகிறது? விக்டர் லாமே போன்ற மூளை ஆய்வாளர்கள், செய்தி மேலே போனால் மட்டும் போதாது, மேல் பகுதிகளிலிருந்து அது முதன்மைப் புறணிக்குத் திரும்பி வரவும் வேண்டும் என்கிறார்கள். திரும்பி வர இடமில்லாததுதான் தாத்தாவின் நிலை என்று அந்தக் கொள்கைப்படி சொல்லலாம். ஸ்டானிஸ்லாஸ் டெஹேன் போன்றவர்கள், ஒரு செய்தி மூளை முழுவதும் ஒலிபரப்பாகி, பேச்சு, நினைவு, தீர்மானம் எல்லாவற்றுக்கும் எட்டினால்தான் அது அறிவு என்கிறார்கள். 1998-ல் கிறிஸ்டோஃப் கோக் என்ற நரம்பியலாளர், இருபத்தைந்து ஆண்டுக்குள் நனவின் நரம்பு அடிப்படை கண்டுபிடிக்கப்பட்டுவிடும் என்று தத்துவவாதி டேவிட் சால்மர்ஸிடம் பந்தயம் கட்டினார். 2023-ல் நியூயார்க்கில் கோக் தோல்வியை ஒப்புக்கொண்டு ஒயின் பாட்டில்களைக் கொடுத்தார். கேள்வி இன்னும் திறந்தே கிடக்கிறது, பிளஸ் டூ முடித்துவிட்டு நீ அதற்குள் போகலாம். இப்போதைக்குத் தாத்தாவை வைத்து ஆராய்ச்சி மட்டும் வேண்டாம்.

கோலம் தெரிந்ததற்கு வருகிறேன். ஸ்ட்ரோக்குக்குப் பின் முதல் நாட்களில், பார்வை போன பக்கத்தில் வண்ணக் கோலங்கள், முகங்கள், பூக்கள் தெரிவது உண்டு. செய்தி வராத பார்வைப் பகுதிகள் தாமாகவே வேலை செய்வதால் வருவது. கண்புரையால் பார்வை மங்கிய தன் தாத்தா இல்லாத மனிதர்களையும் கட்டடங்களையும் கண்டதை 1760-லேயே சார்லஸ் பொன்னே எழுதி வைத்திருக்கிறார். தன் தாத்தாவுக்குப் புத்தி தெளிவாகவே இருந்தது என்பதையும் அழுத்திச் சொன்னார். பேய் பிசாசும் இல்லை, மனநோயும் இல்லை. அம்மா மந்திரித்ததில் தவறில்லை, பயத்தில் செய்தது. ஆனால் அந்தக் காட்சி திரும்ப வந்து, ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி சில நொடிகள் மின்னி மறைந்தால், அது வலிப்பாக இருக்கலாம். உடனே மருத்துவரிடம் சொல்லி, மூளையின் மின்னலைகளைப் பதியும் இஇஜி எடுக்க வேண்டும்.

பார்வை திரும்புமா? தானாகத் திரும்புவதில் பெரும்பகுதி முதல் மூன்று மாதத்துக்குள் நடந்துவிடும், ஆறு மாதத்துக்குப் பிறகு அரிது. அப்பாவுக்கு இரண்டு மாதம்தான் ஆகிறது, கொஞ்சம் திரும்ப இடமிருக்கிறது. மூன்றாம் மாத முடிவில் ஒரு ஃபீல்டு டெஸ்ட், ஆறாம் மாதம் இன்னொன்று எடுத்து, இரண்டு தாளையும் பத்திரமாக வையுங்கள். பார்வை போன பகுதியிலேயே அசையும் புள்ளிகளைக் காட்டிப் பல மாதம் பயிற்றினால் ஓரளவு திரும்புகிறது என்று ரோச்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் கிறிஸ்டல் ஹக்ஸ்லின் குழு 2009-லிருந்து காட்டிவருகிறது. நம்பிக்கை தரும் வேலை, ஆனால் இன்னும் ஆய்வுக்கூட அளவில்தான். மூளை வைட்டமின், கண் பயிற்சிப் பெட்டி என்று விற்பவர்களிடம் பணத்தைக் கொடுக்காதீர்கள்.

நிச்சயமாகப் பலன் தருவது, இல்லாத பக்கத்தை இருக்கும் பக்கத்தால் தேடக் கற்பதுதான். ஓர் அறைக்குள் நுழைந்ததும் முதலில் கண்ணை இடக்கோடி வரை வீசி, பிறகு மெல்ல வலப்பக்கம் வர வேண்டும். சின்னச் சின்னதாகத் துழாவக் கூடாது, ஒரே வீச்சாகப் போக வேண்டும். கடையிலேயே பழகலாம்: அலமாரியில் இடக்கோடியிலிருந்து சாமான்களின் பெயரை வரிசையாகச் சொல்லச் சொல்லுங்கள். கணக்கு நோட்டில் ஒவ்வொரு பக்கத்தின் இடது ஓரத்திலும் அகலமாகச் சிவப்பு டேப் ஒட்டுங்கள். சிவப்பு கண்ணில் படும்வரை கண்ணை இடப்பக்கம் கொண்டுபோகாமல் எந்த எண்ணையும் படிக்கக் கூடாது என்று வைத்துக்கொள்ளட்டும், 1,340 முழுசாக வரும். வெளியே போகும்போது துணைக்கு வருபவர் அவரது இடப்பக்கம் நடங்கள். கல்யாண மண்டபத்தில் இடது ஓர நாற்காலியில் உட்காரவையுங்கள், மேடை வலப்பக்கம் வந்துவிடும். சுடுகாபி, சுடுதண்ணீர் எப்போதும் வலது கைப்பக்கம்.

அவர் கடைக்குப் போகட்டும். கல்லாவை அவருக்கு வலப்பக்கம் மாற்றி, வாடிக்கையாளர்கள் அந்தப் பக்கம் வருவதுபோல இடம் செய்யுங்கள், பக்கத்தில் அண்ணன் இருக்கட்டும். வீட்டிலேயே உட்கார்ந்தால் மனம் தளர்ந்துவிடும், ஸ்ட்ரோக்குக்குப் பின் மனச்சோர்வு மிகச் சாதாரணம். சாப்பாட்டில், பேச்சில் பிடிப்பு குறைந்தால் மருத்துவரிடம் சொல்லத் தயங்க வேண்டாம்.

வண்டி கூடாது. ஸ்கூட்டர், கார், சைக்கிள்கூட இப்போது வேண்டாம். பந்துக்குக் குனிந்தாரே என்று யாராவது வாதாடினால் ஏற்காதீர்கள். அந்தப் பழைய பாதை கழுத்தைச் சாய்க்கும், ஆனால் இடச்சந்திலிருந்து ஓடிவரும் குழந்தையைப் பார்த்து பிரேக் போட அதை நம்ப முடியாது. ஆறாம் மாத ஃபீல்டு டெஸ்ட்டைப் பார்த்துவிட்டு மருத்துவர் சொல்லட்டும்.

டி.என். கதையில் இன்னொரு செய்தியும் இருக்கிறது. அவருக்கு மிச்ச பாதியும் போனது இரண்டாவது ஸ்ட்ரோக்கில். உங்கள் அப்பாவின் இடது பிடரிப் பகுதி இப்போது அவருக்கிருக்கும் ஒரே பார்வைப் புறணி. ரத்தம் உறையாமல் இருக்கத் தரும் மாத்திரை, கொழுப்பு மாத்திரை, சர்க்கரை, ரத்த அழுத்த மாத்திரைகளை ஒரு நாளும் நிறுத்தக் கூடாது. இதயத் துடிப்பு சீராக இருக்கிறதா என்று ஹோல்டர் பரிசோதனை ஆகியிருக்கிறதா எனக் கேளுங்கள், இப்படிப் பின்மூளைக்குப் போய் அடைக்கும் ரத்தக்கட்டி பல சமயம் இதயத்திலிருந்து கிளம்புவது. பீடி, சிகரெட் இருந்தால் இன்றே விட வேண்டும். திடீரென்று வலப்பக்கம் மங்கினாலோ, இரண்டு பக்கமும் இருண்டாலோ, தலை சுற்றி நடை தள்ளாடினாலோ, பேச்சு குழறினாலோ, தூங்கி எழுந்தால் சரியாகிவிடும் என்று காத்திருக்காமல் 108-ஐ அழைத்து, சி.டி. ஸ்கேன் வசதியும் ஸ்ட்ரோக் சிகிச்சையும் உள்ள மருத்துவமனைக்கு நேராகப் போங்கள். ரத்தக்கட்டியைக் கரைக்கும் ஊசியை முதல் நாலரை மணி நேரத்துக்குள் போட வேண்டும். அறிகுறி எத்தனை மணிக்குத் தொடங்கியது என்பதை ஒரு தாளில் குறித்துக்கொண்டு கிளம்புங்கள், அங்கே முதலில் கேட்கப்போவது அதைத்தான்.